நடித்தவர் எழுதியபோது

(திரைப்பட ரசிகர் கூட்டம் ஒன்றில் ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



நம் ஊரில் 'கதை வசனம்' என்பது ஒரே சொல்லாகிவிட்டது. டைட்டிலில் அப்படிப் படித்தே வளர்ந்தோம். படத்தை எழுதுகிறவர் என்றால் வசனம் எழுதுகிறவர்தான் என்று மனத்தில் ஊறிப்போயிருக்கிறது. அந்த நினைப்போடு ஒரு மௌனப்படத்தின் முன்னால் போய் உட்கார்ந்தால் சந்தேகம் வரத்தான் செய்யும். யாரும் வாய்விட்டுப் பேசாத படத்தில் எழுத்தாளருக்கு என்ன வேலை?

எனக்கு அந்தச் சந்தேகம் கல்லூரி நாட்களில் வந்தது. 1919ஆம் ஆண்டின் ஜெர்மன் படம் ஒன்றைத் திரையிட்டார்கள். 'சிப்பி இளவரசி' என்று பெயர். அதில் ஓர் இடம். ஏழை இளவரசன் ஒருவனின் வேலைக்காரன் யோசெப், அமெரிக்கக் கோடீசுவரர் ஒருவரின் மாளிகைக்கு வருகிறான். அவனைக் கூடத்தில் நிறுத்திவிட்டு எல்லோரும் போய்விடுகிறார்கள். காத்திருக்கிறான். நேரம் போகிறது. கூடத்தின் தரையில் பெரிய கோலம் போட்டாற்போல் மர இழைப்பு வேலை. அவன் அங்குமிங்கும் நடக்கிறான். பிறகு அந்தக் கோலத்தின் கோடு ஒன்றைப் பிடித்துக்கொண்டு அதன்மேலேயே அடியடியாக வைத்து நடக்கிறான். கோடு திரும்பும் இடத்தில் அவனும் திரும்புகிறான். அவ்வளவுதான் காட்சி. காத்திருப்பவனின் சலிப்பு, அந்த வீட்டின் அளவு, பணக்காரர்கள் பிறரைக் காக்க வைக்கும் அலட்சியம் மூன்றும் அந்த இரண்டு கால்களில் எனக்குத் தெரிந்தன. மௌனப்படத்தில் காட்சிகளுக்கு இடையே காட்டும் எழுத்து அட்டை எதுவும் அதைச் சொல்லவில்லை.

படத்தை எழுதியவர் யார் என்று பிறகு தேடிப் பார்த்தேன். இயக்குநர் எர்ன்ஸ்ட் லூபிட்ஷின் பெயரோடு இன்னொரு பெயர் இருந்தது: ஹான்ஸ் க்ரேலி. லூபிட்ஷைப் பற்றி அதற்கு முன்பே படித்திருக்கிறேன். க்ரேலியை எனக்குத் தெரியாது. அன்றிலிருந்து இந்த மனிதரை விடாமல் பின்தொடர்ந்து வருகிறேன். இன்று அவரைப் பற்றித்தான் பேசப்போகிறேன்.

க்ரேலி 1884 ஜனவரி 16 அன்று ஹாம்பர்க் நகரில் பிறந்தார். அவர் திரைக்கு வந்தது எழுத்தாளராக அல்ல, நடிகராக. 1910களின் தொடக்கத்தில் ஐரோப்பாவின் மிகப் பெரிய நட்சத்திரம் டென்மார்க்கிலிருந்து வந்த ஆஸ்டா நீல்சன். அவருடைய கணவர் உர்பான் காட் இயக்க, பெர்லினில் பால் டேவிட்சன் முதல்போட, அந்தக் கூட்டணி வரிசையாகப் படங்கள் எடுத்துக்கொண்டிருந்தது. அந்தப் படங்களில் துணை வேடங்கள் செய்தவர் க்ரேலி.

துணை நடிகரின் வாழ்க்கையை நாம் ஏளனமாகப் பார்க்கக்கூடாது. நாயகிக்குப் பக்கத்தில் நின்றுகொண்டே அவர் என்ன செய்கிறார் என்று நாள் முழுவதும் பார்க்கிற வாய்ப்பு வேறு யாருக்குக் கிடைக்கும்? மேடையில் கையை வீசி நெஞ்சில் அடித்து நடிப்பதே வழக்கமாக இருந்த காலத்தில், நீல்சன் இமையைச் சற்றே தாழ்த்தி ஒரு பெண்ணின் தோல்வியைச் சொன்னார். கேமராவுக்கு அது போதும் என்பதை முதலில் கண்டுகொண்டவர்களில் அவர் ஒருவர். அந்தப் பாடத்தை க்ரேலி புத்தகத்தில் படிக்கவில்லை. இரண்டடி தூரத்தில் நின்று கற்றார் என்பது என் எண்ணம். பிற்காலத்தில் அவர் எழுதிய படங்களைப் பார்க்கிறபோது அந்த எண்ணம் எனக்கு உறுதிப்படுகிறது.

நடிப்பிலிருந்து எழுத்துக்கு வந்தவர் ஜெர்மனியில் அவர் ஒருவர் மட்டும் அல்ல. 1915இல் 'கோலெம்' படத்தில் நடித்த ஹென்ரிக் காலீன்தான் 1922இல் முர்னாவின் 'நோஸ்ஃபெராட்டு'வை எழுதினார். ஃப்ரிட்ஸ் லாங்கின் பெரும் படங்களை எழுதிய தேயா ஃபான் ஹார்போவும் மேடை நடிகையாக இருந்தவர். ஆனால் க்ரேலியின் கதை தனி. மற்றவர்கள் இருட்டையும் பயத்தையும் பிரம்மாண்டத்தையும் எழுதினார்கள். இவர் வீட்டுக் கதவையும் தொப்பியையும் எழுதினார்.

டேவிட்சனின் அதே நிறுவனத்தில்தான் லூபிட்ஷும் இருந்தார். க்ரேலியைவிட எட்டு வயது இளையவர். பெர்லினில் தையல் தொழில் செய்த குடும்பத்துப் பிள்ளை. மாக்ஸ் ராய்ன்ஹார்ட்டின் நாடகக் குழுவில் சிறு வேடங்கள் செய்தவர். திரையில் ஜவுளிக்கடைப் பையன், செருப்புக்கடைப் பையன் என்று நகைச்சுவை வேடங்களில் வந்து பெயர் வாங்கியவர். 1916இல் 'பிங்கஸின் செருப்பு மாளிகை' என்ற படம் வந்தது. பள்ளியில் உருப்படாத ஸாலி பிங்கஸ் செருப்புக்கடையில் எடுபிடியாகச் சேர்ந்து, வாய்ச் சாமர்த்தியத்தால் ஏறி ஏறிக் கடைசியில் சொந்தமாக ஒரு செருப்பு மாளிகையே திறக்கிறான். பிங்கஸாக நடித்து இயக்கியவர் லூபிட்ஷ். எழுதியவர்கள் க்ரேலியும் எரிஷ் ஷோன்ஃபெல்டரும். இரண்டு நடிகர்கள் சேர்ந்து எழுத மூன்றாவது நடிகர் ஒருவர் இயக்கிய படம் அது. அங்கே தொடங்கிய உறவு பதின்மூன்று ஆண்டுகள் நீடித்தது.

அந்த ஆண்டுகளில் அவர்கள் சேர்ந்து செய்த வேலையின் அளவை நினைத்தால் மலைப்பாக இருக்கிறது. 1919ஆம் ஆண்டை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். 'சிப்பி இளவரசி', 'மதாம் துபாரி', 'பொம்மை' மூன்றும் அந்த ஒரே ஆண்டில் வந்தவை. வெளியே போர் முடிந்து, பேரரசர் ஓடிப்போய், தெருக்களில் துப்பாக்கிச் சத்தம் கேட்டுக்கொண்டிருந்த பெர்லின். உள்ளே இந்த இருவர் ஒரு மேசைக்கு இரு பக்கமும் உட்கார்ந்து உலகத்தைச் சிரிக்க வைக்கிற வேலையைச் செய்துகொண்டிருந்தார்கள்.

'பொம்மை'யைக் கொஞ்சம் நிதானமாகப் பார்ப்போம். க்ரேலியின் எழுத்து எப்படிப்பட்டது என்பதற்கு அதைவிட நல்ல சாட்சி கிடையாது. பெண் என்றாலே நடுங்குகிற ஓர் இளைஞன். கல்யாணம் செய்துகொள்ளச் சொல்லி அவனுடைய பெரியவர் வற்புறுத்துகிறார். அவன் தப்பியோடி ஒரு மடத்தில் ஒளிகிறான். மடத்துத் துறவிகள் வழி சொல்கிறார்கள்: பெண்ணை ஏன் கட்டிக்கொள்ள வேண்டும், ஒரு பொம்மையைக் கட்டிக்கொள், வரும் சீதனத்தை மடத்துக்குக் கொடு. அவனும் பொம்மை செய்கிறவரிடம் போகிறான். செய்து வைத்த பொம்மையின் கையைப் பட்டறைப் பையன் உடைத்துவிடுகிறான். மாட்டிக்கொள்ளாமல் இருக்க, பொம்மை செய்பவரின் மகளே பொம்மையாக நின்றுகொள்கிறாள். இனி அவள் நாள் முழுவதும் பொம்மையாக நடிக்க வேண்டும். கல்யாண விருந்தில் பசிக்கிறது. யாரும் பாராத நொடியில் ஒரு வாய் எடுத்துப் போட்டுக்கொள்கிறாள். யாராவது திரும்பினால் உடனே மரக்கட்டை.

இதில் ஆஸி ஓஸ்வால்டா என்ற நடிகைக்கு எழுத்து என்ன கொடுத்திருக்கிறது என்று பாருங்கள். ஒரே உடம்புக்குள் இரண்டு பேரைக் கொடுத்திருக்கிறது. ஒருத்தி பொம்மை, ஒருத்தி பசித்த பெண். ஒருத்தியிலிருந்து இன்னொருத்திக்கு மாறுகிற அந்தக் கண்ணிமைப்பில்தான் சிரிப்பு. நடிக்கத் தெரிந்தவர் எழுதினால்தான் இப்படி வரும். ஒரு நடிகருக்கு எது தீனி, எது வெறும் நிற்கிற வேலை என்று அனுபவித்தவருக்குத்தான் தெரியும். கதையின் மூலம் க்ரேலியுடையது அன்று என்பதையும் சொல்லியாக வேண்டும். ஹாஃப்மானின் கதையிலிருந்தும் ஒரு பிரெஞ்சு இசை நாடகத்திலிருந்தும் வந்த கரு அது. அவருடைய படங்களில் பெரும்பாலானவை நாடகங்களிலிருந்து எடுத்தவைதான். ஆனால் எத்தனையோ நாடகங்கள் இருக்க, எதை எடுத்தார், எடுத்ததில் எதை வைத்தார் என்பதில் ஆளைக் கண்டுபிடித்துவிடலாம்.

நான் கண்டுபிடித்ததைச் சொல்கிறேன். க்ரேலி எழுதிய படங்களை வரிசையாக வைத்துப் பார்த்தால் ஒரே விஷயம் திரும்பத் திரும்ப வருகிறது: ஒருவர் இன்னொருவராக நடிப்பது. 'சிப்பி இளவரசி'யில் வேலைக்காரன் யோசெப்பை இளவரசன் என்று நம்பி அவசர அவசரமாகக் கல்யாணம் செய்துவைக்கிறார்கள். அவனும் மறுக்காமல் விருந்தில் உட்கார்ந்து வயிறாரச் சாப்பிடுகிறான். 'பொம்மை'யைச் சொன்னேன். அமெரிக்கா போன பிறகு 1925இல் எழுதிய 'பாரிஸிலிருந்து வந்த சகோதரி'யில், விலகிப்போகும் கணவனைத் திரும்ப வெல்ல மனைவியே தன்னுடைய இரட்டைச் சகோதரியாக வேடம் போடுகிறாள். அதே ஆண்டு நடிகர் வாலண்டினோவுக்காக எழுதிய 'கழுகு', புஷ்கினின் 'துப்ரோவ்ஸ்கி'யைத் தழுவியது. அதில் முகமூடிக் கொள்ளைக்காரன் பிரெஞ்சு வாத்தியாராக எதிரியின் வீட்டுக்குள்ளேயே நுழைகிறான். 1926இல் வந்த 'பஃபலோவின் சீமாட்டி'யில் ஒரு நாட்டியக்காரியை அரச குலப் பெண் என்று ஊரே நம்புகிறது. 1933இல் 'மெழுகுவத்தி வெளிச்சத்தில்' என்ற படத்தில் பணியாள் ஒருவர் எஜமானராகவும், பணிப்பெண் ஒருத்தி சீமாட்டியாகவும் பாவனை செய்து ஒருவரையொருவர் காதலிக்கிறார்கள். இதைத் தற்செயல் என்று நான் ஏற்கமாட்டேன். நடிப்பை விட்டுவிட்டு மேசைக்குப் போனவர், நடிப்பையே தன் கதைகளின் பொருளாக வைத்துக்கொண்டார். தான் கேமரா முன்னால் நிற்பதை நிறுத்தினார். தன் பாத்திரங்களை நிறுத்தவிடவில்லை.

'மதாம் துபாரி' வேறு வகை. தொப்பிக் கடையில் வேலை செய்த ஏழைப் பெண் பதினைந்தாம் லூயி மன்னரின் ஆசைநாயகியாகி, கடைசியில் புரட்சியின் கில்லட்டினில் தலை கொடுக்கிற கதை. நார்பெர்ட் ஃபால்க்கோடு சேர்ந்து க்ரேலி எழுதினார். போலா நெக்ரி நாயகி, எமில் யானிங்ஸ் மன்னர். 1919 செப்டம்பர் 18 அன்று பெர்லினில் உஃபா நிறுவனத்தின் புதிய பெரிய அரங்கை இந்தப் படத்தோடுதான் திறந்தார்கள். 1920 டிசம்பரில் நியூயார்க்கில் வேறு பெயர் சூட்டி வெளியிட்டபோது, இது ஜெர்மன் படம் என்பதை விளம்பரங்களில் அடக்கியே வாசித்தார்கள். போர் முடிந்து இரண்டு ஆண்டுதான் ஆகியிருந்தது. இருந்தும் கூட்டம் அலைமோதியது. ஹாலிவுட்டின் கண் பெர்லின்மேல் விழ இதுவே காரணம். நெக்ரி, லூபிட்ஷ், க்ரேலி, யானிங்ஸ் என்று ஒருவர் பின் ஒருவராகக் கடல் கடந்தார்கள்.

இடையில் வந்த படங்களைப் பற்றி விரிவாகப் பேச நேரமில்லை. ஹென்னி போர்ட்டன் அக்காள் தங்கை இருவராகவும் நடித்த 'கோல்ஹீசலின் பெண்கள்' ஜெர்மானியருக்கு மிகவும் பிடித்துப்போய், பேசும் படங்களாகவும் பலமுறை எடுக்கப்பட்டது. கொள்ளைக்காரர் மகளாக நெக்ரி வரும் 'மலைப்பூனை' அன்று ஓடவில்லை. இன்று பார்க்கிறவர்கள் வியக்கிறார்கள்.

ஹாலிவுட்டில் 1924இல் வந்த 'தடை செய்யப்பட்ட சொர்க்கம்' படத்துக்கு வருகிறேன். ஒரு கற்பனை நாட்டின் பேரரசிக்கு எதிராகப் படைத்தளபதிகள் கிளம்புகிறார்கள். பேரரசியின் அமைச்சராக நடிப்பவர் அடால்ஃப் மென்ஜூ. தளபதி ஒருவர் அமைச்சரின் முன்னால் வந்து நின்று வாளின் பிடியில் கை வைக்கிறார். அமைச்சர் தன் சட்டைக்குள் கைவிடுகிறார். துப்பாக்கி வருமோ என்று நாம் பார்க்கிறோம். வருவது காசோலைப் புத்தகம். தளபதியின் கை வாளின் பிடியிலிருந்து மெல்ல இறங்குகிறது. புரட்சி முடிந்தது.

ஒரு நாட்டின் அரசியல் வரலாற்றை இரண்டு கைகளில் எழுதிவிட்டார்கள். இதையே வசனத்தில் எழுதியிருந்தால் அரைப் பக்கம் பிடிக்கும், இந்தக் கூர்மையும் வராது. நான் முதலில் கேட்ட கேள்விக்கு இதுதான் பதில். மௌனப்படத்தின் எழுத்தாளர் கை எப்போது எங்கே போகும், கதவு எப்போது மூடும், எந்தப் பொருள் எந்த நேரத்தில் கண்ணில் படும் என்பதை எழுதுகிறார். எழுத்து அட்டை போடலாம், ஆனால் ஒவ்வொரு அட்டையும் படத்தை ஒரு நொடி நிறுத்திவிடும். ஆகவே நல்ல எழுத்தாளர் அட்டையைக் கஞ்சத்தனமாகச் செலவழிப்பார். அதே 1924இல் ஜெர்மனியில் கார்ல் மாயர் ஏறக்குறைய அட்டையே இல்லாமல் 'கடைசி மனிதன்' என்ற படத்தை எழுதிப் புகழ்பெற்றார். வரலாறு மாயரைக் கவிஞர் என்று கொண்டாடுகிறது. கொண்டாடட்டும், அவர் அதற்குத் தகுதியானவர். க்ரேலி சிரிக்க வைத்தார் என்பதற்காக அவரை இரண்டாம் வரிசையில் உட்கார வைத்ததைத்தான் என்னால் ஏற்க முடியவில்லை.

விமர்சகர்கள் 'லூபிட்ஷின் தொடுகை' என்று ஒரு சொல்லைப் புழங்கவிட்டார்கள். நேரடியாகச் சொல்லாமல் ஒரு பொருளையோ மூடிய கதவையோ காட்டி உணர்த்துகிற அந்தப் பாணிக்கு அப்படிப் பெயர். இங்கே நியாயமாகப் பேச வேண்டும். அந்தத் தொடுகை முழுவதும் க்ரேலியுடையது என்று நான் சொல்லவரவில்லை. லூபிட்ஷின் 'திருமண வட்டம்' படத்தைப் பால் பெர்ன் எழுதினார். 'லேடி விண்டர்மியரின் விசிறி'யை எழுதியவரும் வேறொருவர். இரண்டும் அரிய படங்கள். க்ரேலி இல்லாமலும் லூபிட்ஷ் லூபிட்ஷாகவே இருந்தார். ஆனால் அந்தப் பாணி தவழ்ந்து, நடந்து, ஓடக் கற்றுக்கொண்ட ஆண்டுகள் முழுவதும் பக்கத்தில் கைபிடித்து நடந்தவர் க்ரேலி. அதைச் சொல்லாமல் அந்தப் பெயரைச் சொல்வது அரைக் கணக்கு.

1927இல் இருவரும் சேர்ந்து தந்த 'ஹைடல்பெர்க் மாணவ இளவரசன்' என்னை எப்போதும் கலங்க வைக்கும் படம். மாளிகைச் சிறையில் வளர்ந்த இளவரசன் படிக்க ஹைடல்பெர்க் போகிறான். விடுதிப் பெண்ணைக் காதலிக்கிறான். நண்பர்களோடு குடித்துப் பாடித் திரிகிறான். பிறகு அரசனாகிவிடுகிறான். மனம் கேட்காமல் ஒரு நாள் திரும்பி வருகிறான். பழைய நண்பர்கள் வரிசையாக நிற்கிறார்கள். அவனைக் கட்டிக்கொள்ளவில்லை. அரசருக்குக் காட்டும் மரியாதையோடு விறைப்பாக நிற்கிறார்கள். அவன் அந்த முகங்களைப் பார்க்கும்போது அவனுடைய இளமை முடிந்துபோனது நமக்குப் புரிகிறது. படத்தின் தொடக்கத்தில் அரசவண்டி போகும்போது தெருவில் இருப்பவர்கள் தொப்பியைத் தூக்கி வணங்குவார்கள், அரசராக இருப்பது எவ்வளவு அருமை என்று பேசிக்கொள்வார்கள். முடிவிலும் அதே ஊர்வலம், அதே பேச்சு. வண்டிக்குள் மனமில்லாத கல்யாணத்துக்குப் போகும் இளைஞனின் முகம். இங்கேயும் ஒருவன் இன்னொருவனாக நடிக்கப் பழகுகிறான். இந்த முறை வேடத்தைக் கலைக்க முடியாது. அரசன் என்ற வேடம் சாகும்வரை போட வேண்டிய வேடம்.

அடுத்து 'தேசபக்தன்'. 1928ஆம் ஆண்டு. ரஷ்யப் பேரரசர் பால், புத்தி பேதலித்தவர். உலகத்தில் அவர் நம்புகிற ஒரே மனிதர் பாலென் பிரபு. அந்தப் பாலென்தான் நாட்டைக் காப்பாற்ற அவரைக் கொல்லச் சதி செய்கிறார். நண்பராக நடித்தபடியே கொல்ல வேண்டும். நடித்த நட்பு உண்மையில் நட்பாகவும் இருக்கிறது. அதனால் காரியம் முடிந்ததும் தன் உயிரையும் கொடுத்துவிடுகிறார். யானிங்ஸ் பேரரசர், லூயிஸ் ஸ்டோன் பாலென். க்ரேலியின் வாழ்நாள் விஷயம் இந்தப் படத்தில் சிரிப்பைத் துறந்து சோகத்தின் உச்சிக்கு ஏறியது.

1930 ஏப்ரல் 3 அன்று லாஸ் ஏஞ்சலஸின் அம்பாஸடர் ஹோட்டலில் இரண்டாவது ஆஸ்கார் விழா நடந்தது. அந்த முறை எழுத்துக்கு ஒரே ஒரு விருதுதான் வைத்திருந்தார்கள். அதை 'தேசபக்தன்' படத்துக்காக ஹான்ஸ் க்ரேலி பெற்றார். ஆஸ்டா நீல்சனுக்குப் பின்னால் நின்ற துணை நடிகர், நாற்பத்தாறு வயதில், பிறந்த நாட்டிலிருந்து ஓர் உலகம் தள்ளி, தன் எழுத்துக்கு அந்தப் பரிசை வாங்கினார்.

அந்தப் படம் இன்று இல்லை. சிறந்த படத்துக்கான பட்டியலில் இடம்பெற்ற படங்களில் முழுதாகத் தொலைந்துபோனது இந்த ஒன்றுதான். விளம்பர முன்னோட்டமும் சில துணுக்குகளும் எஞ்சியுள்ளன. முன்னோட்டத்தில் யானிங்ஸின் வெறித்த கண்கள் தெரிகின்றன. விருது வாங்கிய எழுத்து எப்படி இருந்தது என்று முழுப் படமாகப் பார்க்க நமக்குக் கொடுத்துவைக்கவில்லை. அந்தக் கால ஃபிலிமின் நைட்ரேட் சுருள்கள் தீப்பிடிக்கும், இல்லாவிட்டால் பெட்டிக்குள்ளேயே பொடிந்துபோகும். பேசும் படம் வந்ததும் பழைய மௌனப்படங்களைப் பாதுகாக்க வேண்டும் என்று நினைத்தவர்கள் மிகச் சிலர். இதைப் பேசும்போதெல்லாம் எனக்கு நெஞ்சு அடைக்கிறது.

விருது வந்த அதே 1930இல் இன்னொன்றும் நடந்தது. லூபிட்ஷின் மணவாழ்க்கை முறிந்தது. அவர் மனைவி ஹெலனுக்கும் க்ரேலிக்கும் ஏற்பட்ட உறவே அதற்குக் காரணம். விருந்து ஒன்றில் இரண்டு நண்பர்களும் கைகலக்கும் அளவுக்குப் போய், அது பத்திரிகைகளிலும் வந்தது. இதற்குமேல் அந்த வீட்டு விஷயத்தை நான் கிளற விரும்பவில்லை. எழுத்தைப் பற்றிப் பேசுகிற நமக்கு வேண்டியது ஒரு தகவல்தான்: 1929இல் ஜான் பேரிமோர் நடித்த 'நித்தியக் காதல்' அவர்கள் சேர்ந்து செய்த கடைசிப் படம். லூபிட்ஷுக்கும் அதுவே கடைசி மௌனப்படம். அதன்பிறகு இருவரும் ஒரே படத்தில் வேலை செய்யவில்லை.

கூட்டாளி போன அதே காலத்தில் கலையும் போனது. மௌனம் முடிந்துவிட்டது. அந்த வாசலில் நின்றுகொண்டு க்ரேலி செய்த ஒரு வேலையை மட்டும் விட்டுவிட மனமில்லை. 1929இல் கிரேட்டா கார்போ நடித்த 'முத்தம்'. எம்.ஜி.எம். நிறுவனத்தின் கடைசி மௌனப்படம். இயக்கியவர் பெல்ஜியத்தில் பிறந்த ஜாக் ஃபெய்டர். ஒரு கதவு மூடுகிறது, உள்ளே துப்பாக்கி வெடிக்கிறது, கணவன் செத்துக் கிடக்கிறான். என்ன நடந்தது என்று நமக்குக் காட்டுவதில்லை. காவல் அதிகாரிகள் நாயகியை விசாரிக்கிறார்கள். அவள் தடுமாறித் தடுமாறிப் பதில் சொல்கிறாள். நேரம் என்ன என்று கேட்டால் ஒன்றைச் சொல்லி மாற்றுகிறாள். அவள் மாற்றும்போது திரையில் கடிகாரத்தின் முள்ளும் மாறுகிறது. அவள் பொய்யைக் கண்ணால் பார்க்கிறோம். ஒலி இல்லாத படம் பொய்யைக்கூடக் காட்ட முடியும் என்று நிரூபித்துவிட்டுத்தான் அந்தக் கலை ஓய்ந்தது.

பிறகு வந்த ஆண்டுகள் இறக்கம்தான். 1931இல் நோயல் கவர்டின் 'பிரைவேட் லைவ்ஸ்' நாடகத்தைப் படமாக்கியபோது எழுதியவர்களில் க்ரேலியும் ஒருவர். அந்த நாடகத்தின் உயிரே பேச்சு. கவர்ட் எழுதிவைத்த சொற்களுக்கு நடுவில் கைக்கும் கதவுக்கும் அங்கே இடம் குறைவு. ஆனாலும் மனிதர் ஓய்ந்துவிடவில்லை. யூனிவர்சல் நிறுவனத்துக்கு, ஜெர்மனியிலிருந்து ஹிட்லருக்குத் தப்பி வந்த ஹென்றி காஸ்டர் இயக்கத்தில், 1937இல் 'நூறு ஆண்களும் ஒரு பெண்ணும்' என்ற படத்துக்குக் கதை கொடுத்தார். வேலையிழந்த நூறு இசைக் கலைஞர்கள். அவர்களில் ஒருவரின் மகள், உலகப் புகழ்பெற்ற இசை நடத்துநர் ஸ்டோகோவ்ஸ்கியை அவர்களுக்காக வரவழைக்கப் போராடுகிறாள். அந்தத் தகப்பனாக நடித்தவர் யார் தெரியுமா? 1924இல் காசோலைப் புத்தகத்தை எடுத்த அதே அடால்ஃப் மென்ஜூ. படத்தில் நூறு பேரும் ஸ்டோகோவ்ஸ்கியின் வீட்டுக்குள் புகுந்து மாடிப்படி முழுவதும் நின்று லிஸ்ட்டின் ஹங்கேரிய ராப்சடியை வாசிக்கிறார்கள். கோபமாக வந்த மனிதரின் கைகள் தாமாகவே எழுந்து இசையை நடத்தத் தொடங்குகின்றன. திரைக்கதையை வேறு சிலர் எழுதினார்கள். ஆனால் க்ரேலி இருந்த இடத்தில் கடைசியில் கைதான் பேசுகிறது என்பதை என்னால் கவனிக்காமல் இருக்க முடியவில்லை. இந்தக் கதைக்காக அவர் மீண்டும் ஆஸ்கார் பட்டியலில் இடம்பெற்றார்.

1941இல் இன்னொன்று, 'ஏவாளோடு தொடங்கியது'. சாகக் கிடக்கும் பணக்காரக் கிழவர், மகனுக்கு நிச்சயித்த பெண்ணைப் பார்த்துவிட்டுச் சாக வேண்டும் என்கிறார். அந்தப் பெண் அகப்படவில்லை. மகன் ஹோட்டலில் தொப்பிகளை வாங்கி வைக்கும் வேலை செய்கிற பெண்ணைக் கூலிக்கு அழைத்துவந்து நிச்சயித்த பெண்ணாக நடிக்க வைக்கிறான். கிழவர் பிழைத்துக்கொள்கிறார். இப்போது நாடகத்தை நிறுத்த முடியாது. இருபத்திரண்டு ஆண்டுகளுக்கு முன் பொம்மையாக நின்ற பெண் இங்கே திரும்பி வந்திருக்கிறாள். ஐம்பத்தேழு வயதிலும் அவர் மேசையில் எழுந்தது அதே கதைதான்.

1943இல் ஒரு பேய்ப்படத்துக்கும் கதை தந்தார். லூபிட்ஷ் 1947 நவம்பரில் காலமானார். க்ரேலி 1950 நவம்பர் 11 அன்று லாஸ் ஏஞ்சலஸில் இறந்தார்.

லூபிட்ஷைப் பற்றிப் புத்தகங்கள் வந்தன, வந்துகொண்டிருக்கின்றன. அவற்றில் க்ரேலி அநேகமாக ஒரு மனைவியின் கதையில் வரும் இரண்டாம் ஆளாகத்தான் தென்படுகிறார். ஓர் எழுத்தாளரின் முப்பதாண்டு உழைப்பை ஒரு விருந்து இரவின் சண்டையாகச் சுருக்குவது அநீதி. படங்கள் இருக்கின்றன. 'சிப்பி இளவரசி', 'பொம்மை', 'ஹைடல்பெர்க் மாணவ இளவரசன்', 'முத்தம்' எல்லாம் நல்ல பிரதிகளாக நமக்குக் கிடைக்கின்றன. அவரைப் படங்களில் தேடுவோம்.

இன்னும் சில நிமிடங்களில் இதே அரங்கில் 'சிப்பி இளவரசி'யைத் திரையிடுகிறார்கள். ஒரு மணி நேரப் படம்தான், யாரும் எழுந்து போய்விடாதீர்கள். யோசெப் அந்தக் கூடத்தில் காத்திருக்கும் இடம் வரும்போது அவன் முகத்தைப் பார்க்காதீர்கள், கால்களைப் பாருங்கள். அந்தக் கால்களை எழுதியவர்களில் ஒருவர் பெயர் ஹான்ஸ் க்ரேலி.